கிளம்ப மறுக்கும் சங்கிலி வாள்

2018-ஆம் வருஷம் நவம்பர் மாதம் 16-ந் தேதி விடியுமுன் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையே கரையேறிய கஜா புயல், புதுக்கோட்டை ஜில்லாவையும் ஊடுருவி மேற்கே சென்றது. கீரமங்கலம், கொத்தமங்கலம், வடகாடு முதலிய கிராமங்களில் பல வருஷ காலம் பலன் கொடுத்து வந்த தென்னைகளும் பலா மரங்களும் ஒரே இரவில் சாய்ந்தன. ரஸ்தாக்களின் குறுக்கே விழுந்து கிடந்த மரங்களை அறுத்து அகற்றினாலன்றி, குடிதண்ணீர் வண்டியும் வைத்திய உதவியும் ஊருக்குள் வரமுடியாத நிலைமை ஏற்பட்டது. புயலின் பாதையிலிருந்த ஜில்லாக்களில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட மின்சாரக் கம்பங்கள் விழுந்துவிட்டபடியால், மின்சாரத்தினால் ஓடும் கருவிகள் பல நாள் வரையில் பயன்படவில்லை. கோடாலியும், பெட்ரோலினால் ஓடும் சங்கிலி வாளுமே அச்சமயத்தில் கைகொடுக்கக் கூடியவையாயிருந்தன.

கிராமங்களில் மரம் அறுக்கும் மிஷின் என்றும் செயின்சா என்றும் வழங்கப்படும் இந்த யந்திரம் இப்பொழுது தோப்பு வைத்திருக்கும் அநேக விவசாயிகளிடமும், சில ஊராட்சிகளிலும் இருக்கிறது. யூகலிப்டஸ், முந்திரி முதலியவற்றை அறுப்பதற்காக மரம் வெட்டும் தொழிலாளர் இதைத் தினந்தோறும் உபயோகிக்கிறார்கள். அவர்களுடைய யந்திரம் பெரும்பாலும் இரண்டொரு இழுப்பிலேயே கிளம்பிவிடுகிறது. ஆனால், வருஷத்தில் பத்து மாதம் மூலையில் கிடந்து, புயலடித்த மறுநாள் காலையில் வெளியே எடுக்கப்படும் யந்திரமோ ஐம்பது தடவை கயிற்றை இழுத்தாலும் கிளம்புவதில்லை. இதற்கு யந்திரத்தின் மட்டமான தரமே காரணம் என்று சொல்லப்படுவதுண்டு. அது பெரும்பாலும் சரியல்ல. பழுது அன்று காலையில் ஏற்பட்டதல்ல. சும்மா கிடந்த மாதங்களில் தொட்டிக்குள்ளேயே ஏற்பட்டுவிட்டது. எந்த இடத்தில் என்ன கெடுகிறதென்று அறிந்தவர்கள், பெரும்பாலான சமயங்களில் மெக்கானிக்கைத் தேடிப் போகாமலே அரைமணி நேரத்தில் அதை ஓடச் செய்துவிடலாம்.

இந்த என்ஜின் கிளம்புவதற்கு நான்கு காரியங்கள் பொருந்தவேண்டும். நல்ல பெட்ரோல் வேண்டும். அதனுடன் தக்க அளவில் காற்றுக் கலக்கவேண்டும். சரியான சமயத்தில் பிளக்கில் பொறி உண்டாகவேண்டும். சிலிண்டருக்குள் அக்கலவை கசிந்துபோகாமல் அழுத்தம் பெறவேண்டும். கிளம்பாத யந்திரத்தில் இந்நான்கில் ஏதோ ஒன்று குறைவுபட்டிருக்கிறதென்று அர்த்தம். சோதனையைச் சுலபமானதிலிருந்தும் செலவில்லாததிலிருந்தும் ஆரம்பிக்கவேண்டும். எடுத்த எடுப்பிலேயே கார்புரேட்டரைக் கழற்றுவதும், அதிலுள்ள சிறு திருகுகளைத் திருப்பிப் பார்ப்பதும் தவறு. சரியாயிருந்த ஒன்றையும் கெடுத்துவிட்டு, பிறகு எது பழுது என்றே தெரியாமற் போவதற்கு அதுவே வழி.

முதலில் கவனிக்க வேண்டியது நிறுத்தும் விசை. அது நிறுத்தும் நிலையிலேயே இருக்க, கயிற்றை இழுத்துக் களைத்தவர்கள் பலருண்டு. அடுத்தபடி, குளிர்ந்த என்ஜினுக்குச் சோக் போட்டிருக்கிறதா என்று பார்க்கவேண்டும். சோக் போடுவதனால் காற்றின் வழி அடைபட்டு, பெட்ரோல் மிகுந்த கலவை உட்செல்லுகிறது. சோக்குடன் சில தடவை இழுத்தவுடன் என்ஜின் 'பட்' என்று ஒரு முறை வெடித்து நின்றுவிடும். இதுவே முக்கியமான சமயம். அந்த ஓசையைக் கேட்டவுடன் சோக்கை எடுத்துவிட்டு, விசையைக் கிளம்பும் நிலையில் வைத்து மறுபடி இழுக்கவேண்டும். இதை அறியாதவர்கள் சோக்கை அப்படியே வைத்துக்கொண்டு மேலும் மேலும் இழுக்கிறார்கள். ஒவ்வோர் இழுப்பிலும் பெட்ரோல் உள்ளே சேர்ந்து, பிளக்கு நனைந்து, பொறி அவிந்துபோகிறது. பெட்ரோல் குறைவினால் கிளம்பாத யந்திரம் இப்பொழுது பெட்ரோல் மிகுதியினால் கிளம்பாத யந்திரமாகிவிடுகிறது.

இவ்வாறு பெட்ரோல் நிரம்பிவிட்டதை, சைலன்ஸரிலிருந்து வரும் கடுமையான பெட்ரோல் வாசனையினாலும், பிளக்கைக் கழற்றினால் அதன் முனை ஈரமாயிருப்பதனாலும் அறியலாம். பரிகாரம் எளிது. நிறுத்தும் விசையை நிறுத்தும் நிலையில் வைத்து, பிளக்கைக் கழற்றித் துணியினால் துடைத்து உலரவிட வேண்டும். பிளக்கு இல்லாமலே கயிற்றை ஏழெட்டுத் தடவை இழுத்தால் உள்ளே தேங்கிய பெட்ரோல் துவாரத்தின் வழியே வெளிப்படும். அச்சமயம் முகத்தைத் துவாரத்துக்கு நேரே வைக்கலாகாது; அருகில் பீடி, சுருட்டு, நெருப்பு எதுவும் கூடாது. சிந்திய பெட்ரோலைத் துடைத்து, ஆவி கலையும் வரையில் பொறுத்திருந்து, பிளக்கை மாட்டி, சோக் இல்லாமல், ஆக்ஸிலேட்டர் விசை திறந்த நிலையில் இழுக்கவேண்டும். பழுது வேறொன்றுமில்லையானால் என்ஜின் சற்றுப் புகைந்து கிளம்பிவிடும்.

அப்படியும் கிளம்பாவிடில், அடுத்துச் சோதிக்கவேண்டியது தொட்டியிலுள்ள பெட்ரோல். புயல் காலத்தில் வெளியே எடுக்கப்படும் யந்திரங்களில் முக்கால்வாசிக் குறை இங்கேதான் என்று கொள்வதில் தவறில்லை. ஆகையால் இதைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டியிருக்கிறது.

இந்தியாவில் இப்பொழுது பங்குகளில் விற்கும் பெட்ரோல் தனிப் பெட்ரோல் அல்ல. 2025-ஆம் வருஷம் முதல் நாடெங்கும் நூற்றுக்கு 20 பாகம் வரையில் எத்தனால் கலந்த பெட்ரோலே பொதுவாகக் கிடைக்கிறது. எத்தனால் என்பது கரும்பு, அரிசி, மக்காச்சோளம் முதலியவற்றிலிருந்து எடுக்கப்படும் சாராயச் சத்து. விவசாயிகளுக்கு அதனால் நன்மையுண்டு. அதைப்பற்றி இங்கே விவகாரமில்லை. ஆனால் அதற்கு ஒரு குணம் உண்டு. உப்பு மழைக்காலத்தில் நீர் விடுவதைப் போல, எத்தனால் காற்றிலுள்ள ஈரத்தைத் தன்னிடம் இழுத்துக்கொள்ளும். தினந்தோறும் ஓடும் மோட்டார் சைக்கிளில் பெட்ரோல் சில நாட்களில் செலவாகிவிடுகிறபடியால் இது பெரிதாய்த் தோன்றுவதில்லை. பாதி நிரம்பிய சிறு தொட்டியில், ஐப்பசி கார்த்திகை மாத ஈரக்காற்றில், பல மாதம் நிற்கும் பெட்ரோலோ வேறு விதம். ஈரம் ஓர் எல்லையைக் கடந்ததும், எத்தனாலும் தண்ணீரும் ஒன்றுசேர்ந்து பெட்ரோலை விட்டுப் பிரிந்து தொட்டியின் அடியில் தங்கிவிடுகின்றன. பெட்ரோலை உறிஞ்சும் குழாயின் நுனியும் அந்த அடியிலேதான் கிடக்கிறது. ஆகவே என்ஜினுக்கு முதலில் போய்ச் சேருவது பெட்ரோல் அல்ல, தண்ணீர் கலந்த சாராயமே. மேலும், என்ஜினுக்கு வழுவழுப்பைத் தரவேண்டிய எண்ணெய் மேலே நிற்கும் பெட்ரோலுடனேயே தங்கிவிடுகிறது.

சந்தேகமிருப்பவர்கள் பழைய பெட்ரோலை ஒரு கண்ணாடிப் பாட்டிலில் ஊற்றிச் சற்று நேரம் அசையாமல் வைத்துப் பார்க்கலாம். கலங்கியிருந்தாலும், அடியில் வேறொரு மட்டம் கோடிட்டாற்போலத் தெரிந்தாலும், வாசனை பெட்ரோலைப்போல் இராமல் பழைய வார்னிஷைப்போல் இருந்தாலும் அது உதவாது. அதனுடன் புதிய பெட்ரோலைக் கலந்து சரிப்படுத்தலாமென்று நினைப்பது வீண். முழுவதையும் வெளியேற்றி, தொட்டியைச் சிறிது புதிய கலவையினால் அலம்பிக் கொட்டி, பிறகு புதிதாய் நிரப்பவேண்டும். பழையதைக் கிணற்றடியிலோ வாய்க்காலிலோ கொட்டக்கூடாது. எவ்வளவு எத்தனால் வரையில் தங்கள் என்ஜின் தாங்குமென்று செய்தவர்கள் கைப்புத்தகத்தில் குறித்திருப்பார்கள். பல பழைய யந்திரங்களுக்கு நூற்றுக்கு 10 பாகமே எல்லையாகச் சொல்லப்பட்டிருக்கிறது. அத்தகைய யந்திரங்களில் ரப்பர்க் குழாய்களும் தகடுகளும் சீக்கிரம் கெடக்கூடும். பெட்ரோலைத் தொட்டியில் தங்கவிடாமலிருப்பது அவற்றிற்கு மிகமிக அவசியம்.

எண்ணெய் கலக்கும் அளவிலும் தவறு நேருகிறது. இது இரண்டு வீச்சு என்ஜின். பம்ப்செட் என்ஜினைப்போல் இதற்குத் தனியாக எண்ணெய்க் கிடங்கு இல்லை. பெட்ரோலுடன் கலந்து வரும் எண்ணெய்தான் பிஸ்டனைக் காப்பாற்றுகிறது. 1980-இல் டி.வி.எஸ். 50 வண்டிகள் வந்த நாள் முதல் பல வருஷம், பங்கிலேயே எண்ணெய் கலந்து வாங்குவது எல்லோருக்கும் பழக்கமாயிருந்தது. வண்டிகள் நான்கு வீச்சு என்ஜினுக்கு மாறிய பின் அப்பழக்கம் மறைந்து வருகிறது. இக்காலத்து வாலிபர்கள் வண்டிக்கு வாங்கிய பெட்ரோலையே வாளுக்கும் ஊற்றிவிடுவதற்கு இதுவே காரணம். வாள் செய்தவர்களின் சொந்த எண்ணெயாயின் பெரும்பாலும் ஒரு லிட்டர் பெட்ரோலுக்கு 20 மில்லி லிட்டர். வேறு டூ-டி ஆயிலாயின் 40 மில்லி லிட்டர் என்று சொல்லப்படுகிறது. தத்தம் கைப்புத்தகத்திலுள்ள அளவே பிரமாணம். கண்ணளவு கூடாது, மருந்துப் பாட்டிலின் மூடி போன்ற அளவுள்ள பாத்திரம் வேண்டும். எண்ணெய் மிகுந்தால் பிளக்கில் கரி பிடித்துக் கிளம்புவது தடைப்படும். எண்ணெயே இல்லாவிட்டால் என்ஜின் அன்றைக்கு நன்றாகக் கிளம்பும். ஆனால் சில நிமிஷங்களில் பிஸ்டன் சூடேறிச் சிலிண்டரில் உரசிப் பிடித்துக்கொள்ளும். அதன் பிறகு அது கிளம்பாததற்குச் சுலபமான பரிகாரம் கிடையாது. சங்கிலிக்கு விடும் எண்ணெயும் பம்ப்செட் எண்ணெயும் இக்கலவைக்கு உதவா.

புதிய கலவை ஊற்றியும் பயனில்லையானால், பெட்ரோல் என்ஜினுக்குப் போய்ச் சேருகிறதா என்று பார்க்கவேண்டும். பத்துப் பன்னிரண்டு தடவை சோக்குடன் இழுத்த பிறகு பிளக்கைக் கழற்றிப் பார்த்தால் விடை கிடைக்கும். முனை ஈரமாயிருந்தால் பெட்ரோல் வருகிறது. குறை பொறியில் இருக்கலாம். முனை உலர்ந்திருந்தால் பெட்ரோல் வழியில் எங்கோ தடையுண்டு. இந்த ஒரு சோதனை பாதி வேலையைக் குறைத்துவிடும்.

உலர்ந்திருப்பின், தொட்டிக்குள் குழாயின் நுனியிலுள்ள சிறு வடிகட்டியை வளைத்த கம்பியினால் மெதுவாக வெளியே இழுத்துப் பார்க்கவேண்டும். அது கறுத்தோ பிசின் பிடித்தோ இருந்தால் புதியது மாற்றவேண்டும், விலை அற்பமே. ரப்பர்க் குழாயை விரலால் வளைத்துப் பார்த்தால் வெடிப்பு இருப்பது தெரியும். வெடிப்பின் வழியே காற்றே உறிஞ்சப்படும், பெட்ரோல் வராது. தொட்டிக்குக் காற்று விடும் சிறு துவாரம் அடைபடுவதும் உண்டு. யந்திரம் கிளம்பி ஐந்து நிமிஷத்தில் நின்று, மூடியைத் திறந்து மூடினால் மறுபடி ஓடுமானால், அத்துவாரத்தையே சந்தேகிக்கவேண்டும். இவையெல்லாம் சரியாயிருந்தும் பெட்ரோல் வராவிட்டால், கார்புரேட்டரிலுள்ள மெல்லிய சவ்வுத் தகடு விறைத்திருக்கலாம். பக்கவாட்டிலும் தலைகீழாகவும் வாளைப் பிடித்து அறுக்க வேண்டியிருப்பதால், மோட்டார் சைக்கிளிலுள்ளதைப் போன்ற மிதவை இதில் இல்லை. அந்தத் தகடு மூச்சு விடுவதுபோல் அசைந்தே பெட்ரோலை இழுக்கிறது. பழைய பெட்ரோல் உலர்ந்து தங்கும் பிசினால் தகடு அசைவற்றுப் போகிறது. இதை மாற்றுவது பழகிய கைக்கு உரிய வேலை. மெக்கானிக்கிடம் கொடுப்பதே உசிதம்.

ஈரமாயிருந்தும் கிளம்பாத யந்திரத்துக்குப் புதிய பிளக்கு ஒன்று மாட்டிப் பார்ப்பதே நல்ல சோதனை. பிளக்கை யந்திரத்தின் உடம்பில் வைத்துப் பொறி பறக்கிறதா என்று பார்க்கும் வழக்கம், பெட்ரோல் ஆவி நிறைந்த இடத்தில் தீப்பிடிக்கக் காரணமாகும். பெட்டியில் ஒரு புதிய பிளக்கு வைத்திருந்தால் அந்த அபாயத்துக்கு இடமில்லை. பழைய பிளக்கின் நிறத்தையும் கவனிக்கலாம்: வெந்த செங்கல்லைப்போன்ற பழுப்பு நிறம் நல்லது, எண்ணெய்ப் பிசுக்குடன் கூடிய கறுப்பு, எண்ணெய் மிகுதியையோ அடைபட்ட காற்று வடிகட்டியையோ காட்டும், சுண்ணாம்பைப்போல் வெளுத்திருப்பது என்ஜின் சூடேறி வருவதைக் காட்டும். இரு முனைகளுக்கும் இடைவெளி பெரும்பாலும் அரை மில்லிமீட்டர் இருக்கவேண்டும். புதிய பிளக்குக்கும் பொறி வராவிட்டால், மேலே மாட்டும் தொப்பியும் கம்பியும் எலி கடித்திருக்கின்றனவா என்று பார்த்துவிட்டு, அதற்குமேல் மெக்கானிக்கிடம் விடவேண்டியதே.

காற்று வடிகட்டியைப்பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. இந்த ஜில்லாவின் செம்மண் தூசியும் தென்னை நார்த்தூளும் எண்ணெய்ப் பிசுக்குடன் சேர்ந்து அதை மெழுகினாற்போல் அடைத்துவிடும். கழற்றித் தட்டி, வகைக்குத் தக்கபடி சோப்புத் தண்ணீரில் அலசி, நன்றாய் உலர்த்தி மாட்டவேண்டும். அது இல்லாமல் ஒரு நிமிஷமாவது ஓட்டுவது சிலிண்டரில் மணலைப் போட்டு அரைப்பதற்குச் சமானம்.

கடைசியாக அழுத்தம். வாளின் எடையைக் கயிற்றின் கைப்பிடியில் தாங்கி, யந்திரத்தைத் தரைக்குச் சற்றே மேலாகத் தொங்கவிட்டால், நல்ல என்ஜினாயின் தயங்கித் தயங்கி இறங்கும். தடையின்றிச் சரசரவென்று இறங்கினால் அழுத்தம் குறைந்துவிட்டது. இழுப்பதற்கு எளிதாயிருக்கும்படி சுருள்வில் வைத்த புதுமாதிரி யந்திரங்களுக்கு இச்சோதனை பொருந்தாது. கயிறே அசையாமல் இறுகியிருந்தால், பிஸ்டன் பிடித்திருக்கக்கூடும், பலங்கொண்டு இழுக்கலாகாது. சைலன்ஸரைக் கழற்றித் துவாரத்தின் வழியே பார்த்தால் பிஸ்டனின் பக்கத்தில் நெடுக்காகக் கீறல்கள் தெரியும். அப்படிப்பட்டதற்குச் செலவு செய்யுமுன், புதிய யந்திரத்தின் விலையையும் விசாரித்துக் கொள்வது நல்லது.

பழுது நீங்கிக் கிளம்பப்போகும் சமயமே அபாயம் மிகுந்த சமயம். பொறுமையிழந்து நிற்கும் கூட்டத்தின் நடுவே, ஒரு கையில் வாளைத் தொங்கவிட்டு மற்றொரு கையால் கயிற்றை இழுப்பது பலருடைய வழக்கம். எதிர்பாராமல் கிளம்பிய சங்கிலி காலையோ பக்கத்தில் நிற்பவரையோ பற்றும். வாளைத் தரையில் வைத்து, சங்கிலித் தடையைப் போட்டு, பின் கைப்பிடிக்குள் வலது பாதத்தை ஊன்றி, முன் கைப்பிடியை இடது கையால் அழுத்திக்கொண்டே இழுக்கவேண்டும். பெட்ரோல் ஊற்றிய இடத்திலிருந்து மூன்று மீட்டராவது விலகிய பிறகே இழுக்கவேண்டும். புயலில் விழுந்த மரத்தின் கீழ் மின்சாரக் கம்பி சிக்கியிருக்கலாம். மின்சாரம் நிறுத்தப்பட்டதென்று மின்வாரியத்தார் சொல்லும் வரையில் யந்திரம் கிளம்பாமலிருப்பதே மேல். வளைந்து முறுக்கேறிக் கிடக்கும் மரம் அறுபட்டவுடன் துள்ளுமாதலால், பழகாதவர்கள் கையில் அன்று வாளைக் கொடுக்கக்கூடாது.

யந்திரத்தை நெடுநாள் உபயோகிக்காமல் வைக்க நேர்ந்தால், தொட்டியைக் காலி செய்து, உள்ளே எஞ்சியிருப்பது தீர்ந்து தானாக நிற்கும் வரையில் ஓடவிட்டு, துடைத்து வைக்கவேண்டும். கலவையை ஒரு மாதத்துக்கு மேல் சேமிக்கலாகாது; மூடி இறுகிய, பெட்ரோலுக்கென்று செய்த கேனில், அன்றன்றைக்குத் தேவையான அளவே கலப்பது உத்தமம். வடகிழக்குப் பருவமழைக்கு முன், புரட்டாசியில் ஒரு நாளும், அதன்பின் மார்கழி வரையில் மாதத்துக்கு ஒரு நாளும் புதிய கலவை ஊற்றிப் பத்து நிமிஷம் ஓட்டிப் பார்த்து, மறுபடி காலி செய்து வைத்தால், அவசர காலத்தில் ஏமாற்றமிராது.

ஊராட்சிப் பொறுப்பிலுள்ள யந்திரங்களுக்கு இது இன்னும் அவசியம். தன் சொந்த வாளைத் தோப்புக்காரர் எப்படியும் நினைவில் வைத்திருப்பார். பொதுவில் உள்ளதை எல்லோருடையதென்று எல்லோரும் விட்டுவிடுவார்கள். ஓட்டிப் பார்த்த தேதியையும், ஓட்டியவர் பெயரையும், எத்தனை இழுப்பில் கிளம்பிற்று என்பதையும் ஒரு நோட்டில் குறித்து, ஊராட்சிச் செயலரோ கிராம நிர்வாக அலுவலரோ அதில் கையொப்பமிடலாம். சென்ற மாதம் மூன்று இழுப்பில் கிளம்பிய யந்திரம் இம்மாதம் பன்னிரண்டு இழுப்புக் கேட்டால், பழுது வரப்போகிறதென்பது அந்த நோட்டிலேயே தெரிந்துவிடும். யந்திரத்துடன் அதே பெட்டியில் இருக்கவேண்டியவை: இரண்டு புதிய பிளக்குகள், பிளக்கு கழற்றும் சாவி, ஒரு பெட்ரோல் வடிகட்டி, ஒரு காற்று வடிகட்டி, ஒரு இழுகயிறு, அளவு மூடியுடன் டூ-டி ஆயில், அரம், மாற்றுச் சங்கிலி. புயல் எச்சரிக்கை வந்த பிறகு இவற்றை வாங்கப் புறப்பட்டால், புதுக்கோட்டை, அறந்தாங்கிக் கடைகளில் அன்று இவையே முதலில் தீர்ந்துபோயிருக்கும்.